எத்திடியம் புரோமைடை விட்டு மாற வேண்டும், லேபில் இருப்பது பழைய யூவி பெட்டி மட்டும்: எந்தச் சாயம் வாங்கலாம்?

தாமிரபரணி_லேப் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். நான் ஒரு கலை அறிவியல் கல்லூரியில் உயிர்த்தொழில்நுட்பத் துறையில் உதவிப் பேராசிரியர். மூன்றாம் ஆண்டு இளங்கலை மாணவர்களுக்கு அகரோஸ் ஜெல் (டிஎன்ஏ துண்டுகளை மின்சாரத்தால் நீளவாரியாகப் பிரிக்கும் கூழ்த் தகடு) பிராக்டிகல் எடுப்பது நான்தான். 32 பேர், நான்கு பேருக்கு ஒரு குழுவாக எட்டுக் குழு. ஒரு குழுவுக்கு ஒரு ஜெல், 50 மில்லி. ஒரு செமஸ்டரில் ஆறு நாள் ஜெல் ஓட்டுகிறோம். முக்கியமான பிராக்டிகல் லாம்டா என்ற வைரஸின் டிஎன்ஏவை ஹிண்ட்-3 என்சைமால் வெட்டிப் பார்ப்பது, அப்புறம் ஒரு பிளாஸ்மிட், ஒரு பிசிஆர். அவ்வளவுதான்.

இத்தனை வருடமாக எத்திடியம் புரோமைடுதான், டிஎன்ஏவில் ஒட்டி யூவியில் ஆரஞ்சாக ஒளிரும் சாயம். கிளவுஸ் போடச் சொல்கிறோம், தனி மேசை ஒதுக்கியிருக்கிறோம், எல்லாம் சரியாகத்தான் நடக்கிறது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். போன மாதம் ஒரு நாள் மாணவர்கள் போன பிறகு கையடக்க யூவி விளக்கை எடுத்து லேபை ஒரு சுற்றுச் சுற்றினேன். ஃபிரிட்ஜ் கைப்பிடியில் ஆரஞ்சு நிறத்தில் விரல் தடம். மைக்ரோவேவ் பட்டனில் ஒன்று. பைப்பெட் ஸ்டாண்டில் ஒன்று. கிளவுஸ் போட்ட கையோடு எங்கெல்லாம் தொட்டார்களோ அங்கெல்லாம் இருந்தது. அன்றைக்கு இரவு எனக்குச் சரியாகத் தூக்கம் வரவில்லை.

இப்போது மாற்றிவிடலாம் என்று துறைத்தலைவரிடம் பேசியிருக்கிறேன், அவரும் சரி என்கிறார், ஆனால் புதுக் கருவி வாங்க இந்த வருடம் பணம் இல்லை. இருப்பது 312 நானோமீட்டர் யூவி டிரான்ஸ்இலுமினேட்டர், மேலே ஆரஞ்சு ஃபில்டர் போட்ட ஒரு கேமரா. விற்பனையாளர்கள் சைபர் சேஃப் என்கிறார்கள், ஜெல்ரெட் என்கிறார்கள், இன்னும் நான்கைந்து பெயர் சொல்கிறார்கள், எல்லோரும் தங்களுடையதுதான் பாதுகாப்பானது என்கிறார்கள். உண்மையிலேயே பாதுகாப்பானதா, அல்லது பெயரில் மட்டும்தானா? எங்கள் பெட்டியிலேயே தெரியுமா? பயன்படுத்தியவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும்.

பழைய_பைப்பெட் எழுதியது:

வணக்கம் மேடம். 26 வருடமாக ஒரு ஆராய்ச்சி நிறுவனத்தில் டெக்னிக்கல் ஆபீசராக இருக்கிறேன், ஜெல் ஓட்டியே பாதி வயது போய்விட்டது. நீங்கள் விளக்கு வைத்துப் பார்த்தது ரொம்ப நல்ல காரியம், எல்லா லேபிலும் மாதம் ஒரு முறை அதைச் செய்ய வேண்டும். ஆனால் தூக்கம் கெடும் அளவுக்குப் பயப்பட வேண்டாம் என்பது என் கருத்து, காரணம் சொல்கிறேன்.

நாம் ஜெல்லில் போடுவது மில்லிக்கு 0.5 மைக்ரோகிராம். உங்கள் 50 மில்லி ஜெல்லில் மொத்தமே 25 மைக்ரோகிராம்தான் இருக்கிறது, அதாவது மில்லிக்கு 10 மில்லிகிராம் உள்ள ஸ்டாக்கில் (அடர்கரைசலில்) இரண்டரை மைக்ரோலிட்டர். இதே பொருளை ஹோமிடியம் என்ற பெயரில் ஆப்பிரிக்காவில் மாடுகளுக்கு டிரிபனோசோம் நோய்க்கு 1950களிலிருந்து ஊசியாகப் போட்டு வருகிறார்கள். அளவு உடல் எடையில் கிலோவுக்கு 1 மில்லிகிராம். 300 கிலோ மாட்டுக்கு 300 மில்லிகிராம், நம் ஜெல் கணக்கில் அது 600 லிட்டர் கரைசலில் இருக்கும் சாயம். ஏம்ஸ் சோதனையில் (ஒரு பொருள் பாக்டீரியாவின் டிஎன்ஏவை மாற்றுகிறதா என்று பார்ப்பது) எத்திடியம் திடீர்மாற்றத்தை உண்டாக்குகிறது என்று வந்தது உண்மைதான், ஆனால் எலியின் கல்லீரல் சாற்றைச் சேர்த்தபோதுதான் அப்படி வந்தது, சேர்க்காதபோது பெரிதாக ஒன்றும் வரவில்லை.

அதனால் ஆபத்து ஜெல்லில் குறைவு, ஸ்டாக் பாட்டிலிலும் பவுடரிலும் அதிகம். மாணவர் கையில் 10 மில்லிகிராம் ஸ்டாக்கைக் கொடுக்கவே கூடாது. பவுடர் வாங்கவே கூடாது, கரைசலாகத்தான் வாங்க வேண்டும்.

இன்னொன்று. சாயத்தைப் பற்றி எல்லோரும் பேசுகிறோம், யூவியைப் பற்றிப் பேசுவதில்லை. நான் சேர்ந்த புதிதில் ஒரு சாயங்காலம் முகக் கவசம் போடாமல் பத்து நிமிடம் ஜெல்லில் இருந்து பேண்ட் (டிஎன்ஏ பட்டை) வெட்டிக்கொண்டிருந்தேன். அப்போது ஒன்றும் தெரியவில்லை. ராத்திரி பன்னிரண்டு மணிக்குக் கண்ணில் மணலை அள்ளிப் போட்ட மாதிரி வலி, கண்ணைத் திறக்கவும் முடியவில்லை, மூடவும் முடியவில்லை. இரண்டு நாள் இருட்டு அறையில் கிடந்தேன். இத்தனை வருடத்தில் என் லேபில் எத்திடியத்தால் உடனே பாதிக்கப்பட்ட ஆளை நான் பார்த்ததில்லை, யூவியால் கண் சிவந்து வந்தவர்களையும், மைக்ரோவேவில் பொங்கிய அகரோஸ் கையில் கொட்டி வெந்துபோனவர்களையும் நிறையப் பார்த்திருக்கிறேன். இளங்கலை மாணவர்கள் எட்டுக் குழுவாக ஒரு யூவி பெட்டியைச் சுற்றி நின்று எட்டிப் பார்க்கிறார்கள் என்றால் முதலில் சரிசெய்ய வேண்டியது அதைத்தான்.

மைட்டோ_மதி எழுதியது:

ஐயா சொன்ன யூவி விஷயத்தில் எனக்கு முழுச் சம்மதம். ஆனால் மாட்டு ஊசிக் கணக்கை வைத்து மாணவர்களுக்கு ஆபத்து இல்லை என்று சொல்வதில் எனக்கு உடன்பாடு இல்லை, மரியாதையோடுதான் சொல்கிறேன். நோயில் சாகப்போகிற மாட்டுக்கு ஒரு மருந்து கொடுப்பது வேறு, அந்த மாடு இருபது வருடம் கழித்து எப்படி இருக்கும் என்று யாரும் பார்ப்பதில்லை. இருபது வயதுப் பெண்ணும் பையனும் வாரா வாரம் தொடுவது வேறு.

நான் மைட்டோகாண்ட்ரியாவில் ஆராய்ச்சி செய்கிறேன். மைட்டோகாண்ட்ரியாவின் டிஎன்ஏ இல்லாத செல்களை உருவாக்க வேண்டும் என்றால் நாங்கள் என்ன செய்வோம் தெரியுமா? வளர்ப்பு ஊடகத்தில் மில்லிக்கு 50 நானோகிராம் எத்திடியம் போட்டுச் சில வாரங்கள் வளர்ப்போம். ஜெல்லில் போடுவதில் பத்தில் ஒரு பங்கு. அதிலேயே மைட்டோகாண்ட்ரியா டிஎன்ஏ நகலெடுப்பது நின்று, செல்கள் பிரியப் பிரிய அது காணாமல் போய்விடுகிறது. செல் சவ்வைத் தாண்டி உள்ளே போவதால்தானே இது நடக்கிறது? தோலில் ஒரு துளி பட்டால் இதே நடக்கும் என்று நான் சொல்லவில்லை, தோல் ஒரு நல்ல தடுப்பு. ஆனால் உயிருள்ள செல்லுக்குள் சுலபமாகப் போகும், போனால் டிஎன்ஏவில் ஒட்டும் ஒரு பொருளுக்கு மாற்று கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்போது அதை மாணவர் லேபில் வைத்திருக்கக் காரணம் இல்லை என்பது என் எண்ணம்.

சரி, மாற்றுகள். மேடம் கேட்ட ‘பெயரில் மட்டும்தானா’ என்ற கேள்வி சரியான கேள்வி. டிஎன்ஏவில் ஒட்டினால்தான் அது சாயம், ஒட்டாவிட்டால் ஒளிராது. அதனால் எந்தச் சாயமும் முற்றிலும் தீங்கில்லாதது என்று யாரும் சொல்ல முடியாது. ஒட்டும் பொருளைச் செல்லுக்குள் போகவிடாமல் செய்ய முடியுமா என்பதுதான் வேதியியலில் கேள்வி. ஜெல்ரெட் அப்படித்தான் உருவானது. இரண்டு எத்திடியம் மூலக்கூறுகளை ஒரு நீண்ட சங்கிலியால் இணைத்தால் கிடைப்பதுதான் ஜெல்ரெட். ஆமாம், உள்ளே இருப்பது எத்திடியமேதான். எத்திடியம் புரோமைடின் மூலக்கூறு எடை சுமார் 394, ஜெல்ரெட்டுடையது 1200க்கும் மேல். அவ்வளவு பெரிய, மின்னூட்டமுள்ள மூலக்கூறு முழுதாக இருக்கும் செல் சவ்வைத் தாண்டுவது கடினம். ஏம்ஸ் சோதனையில் கல்லீரல் சாறு சேர்த்தும் அது திடீர்மாற்றத்தைக் காட்டவில்லை என்பது தயாரிப்பாளர் வெளியிட்ட முடிவு. ஜெல்கிரீன் என்பதும் இதே யோசனைதான், அதில் எத்திடியத்துக்குப் பதில் அக்ரிடின் ஆரஞ்சு இரண்டு.

சைபர் சேஃப் வேறு குடும்பம், தியாசோல் ஆரஞ்சுக்கு நெருங்கிய உறவு, சயனின் வகை. இது செல்லுக்குள் போகக்கூடியது, ஆனால் திடீர்மாற்ற விளைவு எத்திடியத்தைவிட மிகக் குறைவு. இங்கே ஒரு எச்சரிக்கை: சைபர் சேஃப் வேறு, சைபர் கிரீன் வேறு, சைபர் கோல்டு வேறு. விற்பனையாளர் ‘எல்லாம் சைபர்தான் மேடம்’ என்று சொன்னால் நம்பாதீர்கள். சைபர் கிரீன் தனியாகப் பார்த்தால் ஏம்ஸ் சோதனையில் எத்திடியத்தைவிட ரொம்ப பலவீனம்தான், ஆனால் பாக்டீரியாவில் யூவி ஏற்படுத்தும் திடீர்மாற்றங்களை அது அதிகப்படுத்தியதாக 2001இல் ஜப்பானிய ஆய்வு ஒன்று காட்டியது, செல் தன் டிஎன்ஏவைப் பழுதுபார்ப்பதை அது தடுப்பதால் அப்படி நடக்கலாம் என்று விளக்கினார்கள்.

அப்புறம் கரைப்பான். இந்தச் சாயங்கள் பெரும்பாலும் டிஎம்எஸ்ஓவில் 10,000 மடங்கு அடர்த்தியில் வருகின்றன. டிஎம்எஸ்ஓ தோலுக்குள் தானும் போகும், தன்னில் கரைந்ததையும் கூட்டிக்கொண்டு போகும். மெல்லிய கிளவுஸ் அதற்கு ரொம்ப நேரம் தாங்காது. பாட்டிலில் சேஃப் என்று போட்டிருக்கிறது என்று வெறுங்கையால் எடுப்பவர்களை நான் பார்த்திருக்கிறேன், அது எத்திடியத்தைக் கிளவுஸோடு எடுப்பதைவிட மோசம். ஜெல்ரெட் தண்ணீரில் கரைத்ததாகவும் கிடைக்கிறது, வாங்குவதானால் அதைக் கேட்டு வாங்குங்கள்.

நீலஒளி எழுதியது:

உங்கள் பெட்டியில் தெரியுமா என்ற கேள்விக்கு யாரும் இன்னும் பதில் சொல்லவில்லை, அதுதான் உங்களுக்கு முக்கியம் என்று நினைக்கிறேன்.

ஜெல்ரெட் ஒளிர்வது 600 நானோமீட்டர் பக்கம், எத்திடியம் மாதிரியேதான். அதனால் இப்போது இருக்கும் யூவி, இப்போது இருக்கும் ஆரஞ்சு ஃபில்டர், எதையும் மாற்ற வேண்டாம். சைபர் சேஃப் ஒளிர்வது பச்சையில், 530 பக்கம். யூவியில் அது நன்றாகவே ஒளிரும், ஆனால் உங்கள் கேமராவின் ஃபில்டர் எத்திடியத்துக்காகப் போட்டது என்றால் அந்தப் பச்சையை வெட்டிவிடும், கண்ணுக்குத் தெரியும் பேண்ட் படத்தில் மங்கலாகத்தான் வரும். நான் முனைவர் பட்டத்துக்குப் படித்த லேபில் இதே காரணத்தால் ஒரு முழு பாட்டிலைத் தூக்கி மூலையில் வைத்துவிட்டார்கள், சாயம் மட்டம் என்று. இரண்டு வருடம் கழித்து ஃபில்டரை மாற்றிப் பார்த்தால் அருமையாக வந்தது.

அதனால் இந்த வருடத்துக்கு ஜெல்ரெட், அடுத்த வருடம் பணம் வந்தால் நீல ஒளிக்கு மாறுங்கள் என்பதுதான் நான் சொல்வது. 470 நானோமீட்டர் நீல எல்இடி, மேலே ஆம்பர் நிற அக்ரிலிக் தகடு, அவ்வளவுதான் அந்தக் கருவி. சைபர் சேஃபும் ஜெல்கிரீனும் 500 நானோமீட்டர் பக்கம் ஒளியை நன்றாக உறிஞ்சும், அதனால் நீலத்தில் வேலை செய்யும். ஜெல்ரெட்டுக்கு நீலம் பொருந்தாது, மங்கலாகத்தான் வரும், அதை மனதில் வைத்துக்கொண்டு திட்டமிடுங்கள். எங்கள் லேபில் ஆம்பர் கண்ணாடி போட்டுக்கொண்டு பிள்ளைகள் ஜெல்லைச் சுற்றி நின்று பேண்ட் ஓடுவதையே நேரில் பார்க்கிறார்கள். யூவியில் நினைத்துப் பார்க்க முடியாத காரியம் அது. ஒரு மாணவி லேடர் (நீளம் தெரிந்த டிஎன்ஏ துண்டுகளின் கலவை) பிரிவதைப் பார்த்துக்கொண்டே ‘சின்னது முன்னாடி ஓடுது சார்’ என்று கத்தியது இன்னும் காதில் இருக்கிறது.

குளோனிங் செய்பவர்களுக்கு நீல ஒளி இன்னும் பெரிய வரம். 302 நானோமீட்டரில் அரை நிமிடம், ஒரு நிமிடம் வைத்தாலே தைமின்கள் ஒட்டிக்கொண்டு டிஎன்ஏ கெட்டுவிடுகிறது, லைகேஷன் (துண்டுகளை ஒட்டும் வேலை) ஏன் வரவில்லை என்று வாரக்கணக்கில் என்சைமைக் குறை சொல்லிக்கொண்டிருப்போம்.

செலவு: 10,000 மடங்கு சாயம் 400 மைக்ரோலிட்டர் பாட்டில் என்றால் 4 லிட்டர் ஜெல்லுக்கு வரும். உங்கள் 50 மில்லி ஜெல்லுக்கு 5 மைக்ரோலிட்டர், ஆக 80 ஜெல். எட்டுக் குழு ஆறு நாள் 48 ஜெல், ஒரு பாட்டிலில் ஒரு செமஸ்டர் முடிந்து மிச்சமும் இருக்கும். எத்திடியம் 10 மில்லி பாட்டில் ஒன்று 4,000 ஜெல்லுக்கு வரும், விலையில் அதோடு எதுவும் போட்டிபோட முடியாது, துறைத்தலைவர் கேட்டால் அதை மறைக்காமல் சொல்லிவிடுங்கள். அத்தோடு கழிவுக்கும் தனி மேசைக்கும் ஆகும் செலவையும் சேர்த்துச் சொல்லுங்கள். 30 மில்லி ஜெல் போடும் சின்ன டிரே இருந்தால் அதற்கு மாறுங்கள், சாயமும் அகரோஸும் ஐந்தில் இரண்டு பங்கு மிச்சமாகும்.

வடமராட்சி_வாசன் எழுதியது:

நான் யாழ்ப்பாணத்தில் ஒரு பாடசாலையில் உயர்தர உயிரியல் படிப்பிக்கிறேன். எங்களிடம் யூவியும் இல்லை, நீல ஒளியும் இல்லை. நாங்கள் மெதிலீன் புளூ பாவிக்கிறோம். ஜெல் ஓடி முடிந்தபின் 0.02 சதவீதக் கரைசலில் அரை மணித்தியாலம் போட்டுவிட்டு, பிறகு தண்ணீரை மாற்றி மாற்றிக் கழுவினால் நீலப் பட்டைகள் வெறும் கண்ணுக்கே தெரியும். எந்த விளக்கும் தேவையில்லை. பிள்ளைகள் ஜெல்லைக் கையில் ஏந்தி ஜன்னல் பக்கம் பிடித்துப் பார்ப்பார்கள்.

ஆனால் உணர்திறன் குறைவு என்பதை நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஒரு பட்டையில் 50 முதல் 100 நானோகிராமாவது இருக்க வேண்டும். லாம்டாவின் நீளம் 48,502 காரச்சோடிகள். ஹிண்ட்-3 வெட்டினால் எட்டுத் துண்டு, பெரியது 23,130, பிறகு 9,416, 6,557, 4,361, 2,322, 2,027, 564, 125. நீங்கள் 1 மைக்ரோகிராம் ஏற்றினால் பெரிய துண்டில் கிட்டத்தட்ட 477 நானோகிராம் இருக்கும், 2,027 துண்டில் 42, 564 துண்டில் 12 தான். எங்களுக்கு 4,361 வரைக்கும் நன்றாகத் தெரியும், இரண்டாயிரங்கள் இரண்டும் நிழல் போல, 564 தெரியவே தெரியாது. எங்கள் பாடத்துக்கு அது போதும். உங்கள் மூன்றாம் ஆண்டுக்குப் போதாது என்றுதான் நினைக்கிறேன்.

கிறிஸ்டல் வயலட்டும் சிலர் சொல்வார்கள், வாய்ப்புண்ணுக்குப் பூசுகிற அந்த ஊதா மருந்துதான். அதை ஜெல்லிலேயே சேர்க்கலாம், ஓட ஓடவே பட்டை தெரியும். ஆனால் அது ஒன்றும் பச்சைத் தண்ணீர் இல்லை. எலிகளில் அதிக அளவில் கொடுத்தபோது புற்றுநோய் வந்திருக்கிறது. பழைய மருந்து என்பதால் பாதுகாப்பானது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

தாமிரபரணி_லேப் எழுதியது:

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. ஜெல்ரெட், தண்ணீரில் கரைத்தது, ஒரு பாட்டில் வாங்கிவிட்டோம். நேற்று மாணவர்கள் வருவதற்கு முன்னால் நானும் லேப் அசிஸ்டெண்டும் ஓட்டிப் பார்த்தோம். உருகிய அகரோஸிலேயே 5 மைக்ரோலிட்டர் சேர்த்து, எப்போதும் போல லாம்டா ஹிண்ட்-3 ஒரு லேனுக்கு (டிஎன்ஏ ஓடும் ஒரு வரிசைக்கு) 1 மைக்ரோகிராம் ஏற்றினோம்.

நல்லதைச் சொல்லிவிடுகிறேன், பழைய பெட்டியில் பழைய ஃபில்டரில் பளிச்சென்று தெரிந்தது. ஆனால் மேலே இருக்கும் பெரிய பேண்ட் வாலை இழுத்துக்கொண்டு கீழே வழிந்திருக்கிறது, 9 ஆயிரமும் 6 ஆயிரமும் ஒன்றோடொன்று சேர்ந்துவிட்டன. பக்கத்து லேனில் போட்ட லேடரும் எத்திடியத்தில் வரும் இடத்தைவிட மேலே நிற்கிறது. மாணவர்கள் ஓடிய தூரத்தை அளந்து கிராஃப் போட வேண்டும், இப்படி வந்தால் அது தப்பாகப் போகும். சாயம் மட்டமா, அல்லது நாங்கள் ஏதாவது தப்புச் செய்கிறோமா?

மைட்டோ_மதி எழுதியது:

சாயம் நன்றாகத்தான் இருக்கிறது மேடம். டிஎன்ஏ அதிகம். ஜெல்ரெட் பெரிய மூலக்கூறு, அதுவும் இரண்டு பக்கமும் டிஎன்ஏவுக்குள் நுழைந்து பிடித்துக்கொள்ளும். ஜெல்லிலேயே சேர்த்து ஓட்டும்போது டிஎன்ஏவின் ஓட்டத்தையே அது மாற்றிவிடும், டிஎன்ஏ அதிகமாக இருந்தால் வால் விழும். ஒரு லேனுக்கு 50 முதல் 200 நானோகிராம்தான் அதற்குச் சரி. எத்திடியத்துக்குப் பழகிய கையில் எல்லோருக்கும் முதல் ஜெல் இப்படித்தான் வரும்.

ஆனால் லாம்டாவை 200 நானோகிராமாகக் குறைத்தால் வடமராட்சி வாசன் போட்ட கணக்குப்படி 564 துண்டில் 2 நானோகிராம்தான் மிஞ்சும், அது மங்கிவிடும். அதனால் உங்களுக்கு ஓடிய பிறகு சாயம் ஏற்றுவதுதான் நல்லது. ஜெல்லில் எந்தச் சாயமும் போடாமல் ஓட்டுங்கள். பிறகு ஒரு டிரேயில் 100 மில்லி தண்ணீரில் 30 மைக்ரோலிட்டர் ஜெல்ரெட், அதாவது மூன்று மடங்கு கரைசல், ஜெல்லைப் போட்டு அரை மணி நேரம் மெதுவாக ஆட்டுங்கள். கழுவ வேண்டியதில்லை. அதே கரைசலை இரண்டு மூன்று முறை பயன்படுத்தலாம். ஒரு டிரேயில் இரண்டு ஜெல், மூன்று முறை என்றால் ஆறு ஜெல்லுக்கு 30 மைக்ரோலிட்டர், ஜெல்லுக்கு 5 என்ற அதே கணக்குதான், செலவு கூடாது. உப்புச் சேர்த்தால் இன்னும் பளிச்சென்று வரும் என்று சொல்வார்கள், உண்மைதான், ஆனால் திரும்பப் பயன்படுத்தும் கரைசலில் உப்புச் சேர்த்தால் சாயம் படிந்துவிடும், வேண்டாம்.

எனக்கு இந்த முறை பிடிப்பதற்கு இன்னொரு காரணம் உண்டு. உங்கள் ஃபிரிட்ஜ் கைப்பிடியை நினைத்துப் பாருங்கள். சாயம் ஜெல்லில் இருந்தால் டேங்கில் இருக்கும், பஃபரில் இருக்கும், ஜெல்லில் குழி போடும் காம்பில் இருக்கும், மைக்ரோவேவில் இருக்கும், 32 பேரின் கிளவுஸில் இருக்கும். ஓடிய பிறகு ஏற்றினால் ஒரே ஒரு டிரேயில்தான் இருக்கும். அந்த டிரேயை நீங்களோ அசிஸ்டெண்டோ மட்டும் தொட்டால் போதும்.

ஒரு சின்ன விஷயம், லாம்டாவின் இரண்டு முனையும் ஒட்டும் முனை என்பதால் 23,130 துண்டும் 4,361 துண்டும் ஒட்டிக்கொண்டு ஓடும். ஏற்றுவதற்கு முன் 65 டிகிரியில் ஐந்து நிமிடம் வைத்து உடனே ஐஸில் போடுங்கள். நான்காவது பேண்ட் ஏன் மங்கலாக இருக்கிறது என்று மாணவர்கள் கேட்கும் கேள்வி பாதியாகக் குறையும்.

நீலஒளி எழுதியது:

மேலே சொன்னதை அப்படியே வழிமொழிகிறேன். யூவி பெட்டிக்கு ஒரு யோசனை: கறுப்பு அட்டையில் ஒரு மூடி செய்து, மேலே ஃபோன் கேமரா அளவுக்கு மட்டும் ஓட்டை போட்டு, ஆரஞ்சு ஃபில்டரை அதன் உள்பக்கம் ஒட்டுங்கள். படம் எடுத்து புரொஜெக்டரில் போட்டால் 32 பேரும் ஒரே நேரத்தில் பார்க்கலாம், ஒருவரும் பெட்டிக்குள் எட்டிப் பார்க்க வேண்டியதில்லை. சாதாரண மூக்குக்கண்ணாடி பக்கவாட்டில் வரும் யூவியைத் தடுக்காது, அதனால் பெட்டியைத் திறந்து ஜெல் வைப்பவர் பாலிகார்பனேட் முகக் கவசம் போட்டே ஆக வேண்டும். கிளவுஸுக்கும் சட்டைக் கைக்கும் நடுவில் மணிக்கட்டு தெரியாமல் பார்த்துக்கொள்ளுங்கள், அந்த இரண்டு அங்குலம்தான் எல்லோருக்கும் கறுக்கும்.

தாமிரபரணி_லேப் எழுதியது:

இன்று ஓடிய பிறகு சாயம் ஏற்றிப் பார்த்தோம். ஏழு பேண்ட் எண்ண முடிகிறது! 564 மெல்லியதாக, ஆனால் தெளிவாக இருக்கிறது. லேடர் வர வேண்டிய இடத்தில் வருகிறது. 65 டிகிரி வைத்ததும் நான்காவது பேண்ட் கனத்துவிட்டது, அந்தக் காரணத்தை வகுப்பிலேயே ஒரு கேள்வியாக வைக்கப் போகிறேன். அட்டை மூடியும் தயார், அசிஸ்டெண்ட் அண்ணன் பழைய பெட்டி ஒன்றை வெட்டி அரை மணி நேரத்தில் செய்துகொடுத்துவிட்டார்.

கடைசியாக ஒன்று. பழைய எத்திடியம் ஸ்டாக் முக்கால் பாட்டில் இருக்கிறது, ஐந்து லிட்டர் பழைய பஃபரும் கேனில் இருக்கிறது. இதற்கு முன் இருந்தவர்கள் பிளீச்சிங் ஊற்றி வைத்துவிட்டு மறுநாள் சிங்க்கில் கொட்டுவார்கள். அப்படியே செய்யலாமா?

பழைய_பைப்பெட் எழுதியது:

ஏழு பேண்ட் வந்தது ரொம்பச் சந்தோஷம் மேடம். மதி சொன்ன மைட்டோகாண்ட்ரியா விஷயத்தையும் யோசித்துப் பார்த்தேன், அது எனக்குப் புதிது. மாணவர் லேபில் எத்திடியம் வேண்டாம் என்பதை ஒத்துக்கொள்கிறேன்.

பிளீச்சிங் வேண்டவே வேண்டாம். நிறம் போய்விடும், ஒளிர்வதும் நின்றுவிடும், அதனால் சுத்தமாகிவிட்டது என்று தோன்றும். ஆனால் ஹைப்போகுளோரைட் எத்திடியத்தை உடைத்து உண்டாக்கும் பொருள்களிலும் திடீர்மாற்றத்தை உண்டாக்குபவை இருக்கின்றன என்று 1980களிலேயே காட்டிவிட்டார்கள்.

கேனில் இருக்கும் பஃபருக்கு ஆக்டிவேட்டட் சார்கோல். 100 மில்லிக்கு 100 மில்லிகிராம், உங்கள் 5 லிட்டருக்கு 5 கிராம். அவ்வப்போது குலுக்கி ஒரு மணி நேரம் வைத்திருந்து, வாட்மேன் 1 தாளில் வடிகட்டுங்கள். வடித்த தண்ணீரைக் கொட்டுவதற்கு முன் இருட்டில் யூவி விளக்கு வைத்துப் பாருங்கள், கொஞ்சம் ஆரஞ்சு தெரிந்தாலும் இன்னொரு முறை சார்கோல் போடுங்கள். தாளும் கரியும் உலர்ந்ததும் இரட்டைப் பையில் கட்டி, எத்திடியம் கழிவு என்று எழுதி, எரிப்பதற்குப் போகும் கழிவோடு அனுப்ப வேண்டும், குப்பைத் தொட்டியில் இல்லை.

ஸ்டாக் பாட்டிலைத் திறக்கவே வேண்டாம், கரைத்துக் கொட்டவும் வேண்டாம். மூடியைப் பாராஃபிலிம் சுற்றி, உடையாத டப்பாவுக்குள் வைத்து, பெயர், அளவு, தேதி எழுதி ஒட்டி, மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் அனுமதி பெற்ற ஆபத்தான கழிவு எடுப்பவரிடம் கொடுக்க வேண்டும். உங்கள் கல்லூரி வேதியியல் துறையில் ஏற்கெனவே யாராவது வந்து கரைப்பான் கழிவு எடுத்துப்போவார்கள், அவர்களிடமே சேர்த்துக் கொடுத்துவிடலாம், தனியாக அலைய வேண்டாம்.

கொடுத்து முடித்ததும் டேங்க், காம்ப், டிரே எல்லாவற்றையும் சோப்புத் தண்ணீரில் கழுவி, ஃபிரிட்ஜ் கைப்பிடியையும் மைக்ரோவேவ் பட்டனையும் துடைத்துவிட்டு, மறுபடி அந்தக் கையடக்க விளக்கை எடுத்து ஒரு சுற்றுப் போய் வாருங்கள். துடைத்த டிஷ்யூவும் கழிவுப் பையில்தான்.